வாத்தியாரும் நடிச்சுக் காட்டினார்

அமெரிக்க நடிப்புப் பயிற்சி ஆசிரியர் லீ ஸ்ட்ராஸ்பெர்க் பற்றிய உங்கள் கட்டுரை நன்றாக இருந்தது. ஆனால் அவர் வெறும் வாத்தியார், நடிகராகச் சொல்ல ஒன்றுமில்லை என்கிற தொனியில் முடித்துவிட்டீர்கள். அங்கேதான் எனக்கு உடன்பாடில்லை.

'காட்ஃபாதர்' இரண்டாம் பாகத்தில் (1974) ஹைமன் ராத் என்கிற வயதான தாதாவாக நடித்தவர் யார்? இவர்தானே! வயது எழுபதைத் தாண்டியாயிற்று, அதுதான் திரையில் அவருடைய முதல் பெரிய வேடம். சட்டையில்லாமல், உடம்பு சரியில்லாத தாத்தா மாதிரி உட்கார்ந்து மெல்லிய குரலில் பேசுவார். அதிலேயே நமக்குப் பயம் வந்துவிடும். எதிரில் இருப்பது நியூயார்க்கின் நடிப்புப் பயிற்சிக்கூடமான ஆக்டர்ஸ் ஸ்டுடியோவில் அவரிடமே பயின்ற அல் பசினோ. அந்த வேடத்துக்கு இவரைச் சிபாரிசு செய்ததும் அவர்தான்.

அப்புறம் ஒரு வேடிக்கை. சிறந்த துணை நடிகர் ஆஸ்கருக்கு அதே படத்திலிருந்து மூன்று பேர் போட்டியிட்டார்கள், அதில் இவரும் ஒருவர். ஜெயித்தது ராபர்ட் டி நீரோ, இன்னொரு நடிப்பு ஆசிரியரான ஸ்டெல்லா அட்லரின் மாணவர். சொந்த நினைவுகளைக் கிளறி உணர்ச்சியை வரவழைக்கும் ஸ்ட்ராஸ்பெர்க்கின் முறையை, 1934இல் பாரிஸில், அந்த முறைக்கே மூலமான ரஷ்ய நாடக இயக்குநர் ஸ்டானிஸ்லாவ்ஸ்கியை நேரில் பார்த்துவிட்டு வந்து எதிர்த்தவர் அதே அட்லர். நாற்பது வருடச் சண்டை ஆஸ்கர் மேடை வரை வந்த கதை! கட்டுரையில் இதை எப்படி விட்டீர்கள்?

மற்றபடி, அந்த நினைவைக் கிளறும் பயிற்சி எல்லாருக்கும் ஒத்துவரும் என்று நான் நினைக்கவில்லை. என் ஓட்டு அட்லருக்குத்தான். ஆனாலும் ஹைமன் ராத் வரும் காட்சிகளை மட்டும் இன்னொரு தடவை போட்டுப் பாருங்கள்.