பிஎஃப் எடுக்கன்னு நீட்டுற தாள்ல கையெழுத்துப் போடாதீங்க

தனியார் பள்ளிக்கூடத்தில் வேலையை விட்டு நிறுத்தினால் சட்டம் வாத்தியாருக்குத்தான், வேன் டிரைவருக்கும் ஆயாவுக்கும் என்ன இருக்கு என்று காட்பாடி, குடியாத்தம் பக்கம் இன்னமும் பேசுகிறார்கள். நிலைமை தலைகீழ். ஆசிரியர் ‘தொழிலாளி’ அல்ல என்று உச்ச நீதிமன்றம் 1988-லேயே சொல்லிவிட்டது. டிரைவர், ஆயா, வாட்ச்மேன், கிளார்க் எல்லாரும் தொழிலாளிகள். ஹெட்மாஸ்டர் போக முடியாத தொழிலாளர் நீதிமன்றத்துக்கு மணி அடிப்பவர் போகலாம். அதுவும் வேலூரிலேயே இருக்கிறது.

ஆனால் போவதற்கு முன்பே வழக்கு கெட்டுவிடுகிறது. ‘நாளையிலிருந்து வராதே’ என்று வாயால் சொல்வார்கள். பிஎஃப் எடுக்க வேண்டுமென்றால் கையெழுத்துப் போடு என்று ஒரு தாளை நீட்டுவார்கள். ‘சொந்தக் காரணங்களுக்காக விலகுகிறேன்’ என்று அதில் இருக்கும். பிஎஃபுக்கு அந்தத் தாள் தேவையே இல்லை. விலகிய தேதியை நிர்வாகம் பதியாவிட்டால், கடைசிச் சந்தாவுக்கு இரண்டு மாதம் கழித்து நாமே ஆன்லைனில் பதியலாம்.

மறுநாளே நாலு வரி எழுதி ஸ்பீடு போஸ்டில் அனுப்புங்கள்: ‘இன்ன தேதி வேலைக்கு வந்தேன், கேட்டிலேயே நிறுத்திவிட்டீர்கள், இப்போதும் வேலை செய்யத் தயார்.’ நிர்வாகத்தின் முதல் பதில் எப்போதும் ‘அவரே நின்றுவிட்டார்’ என்பதுதான். அந்த ரசீது அதற்கு மறுப்பு.

நோட்டீஸும் இழப்பீடும் கேட்க, ஓராண்டில் 240 நாள் வேலை பார்த்ததை நிரூபிப்பது நம் பொறுப்பு. கவரில் ரொக்கமாகச் சம்பளம் வாங்கியவர்கள் இங்கேதான் தடுமாறுகிறார்கள். டிரிப் ஷீட், டீசல் பில்லில் உள்ள கையெழுத்து, பெற்றோர் வாட்ஸ்அப் குரூப்பில் ‘டிரைவர் நம்பர்’ என்று பள்ளி போட்ட மெசேஜ், எல்லாம் சாட்சிதான். மே மாதம் நிறுத்திவிட்டு ஜூனில் திரும்பக் கூப்பிடும் தந்திரத்துக்குப் பயப்பட வேண்டாம். மாதச் சம்பளக்காரருக்குச் சம்பளத்தோடு வரும் ஞாயிறும் விடுமுறையும் கணக்கில் சேரும். ஜூன் முதல் ஏப்ரல் வரை மட்டுமே 330 நாளுக்கு மேல் வருகிறது. 240 தாண்டியவரை ஆட்குறைப்பு என்று அனுப்ப ஒரு மாத நோட்டீஸும், முடித்த ஒவ்வோர் ஆண்டுக்கும் 15 நாள் சம்பளமும் தர வேண்டும்.

முதல் மனு தொழிலாளர் துறை சமரச அலுவலரிடம். அவர் உத்தரவு போட மாட்டார், பேசித்தான் பார்ப்பார். பேச்சு முறிந்தால் வரும் அறிக்கைதான் வழக்குக்கு நுழைவுச்சீட்டு. அது கைக்கு வந்த 90 நாளுக்குள் வழக்குப் போட வேண்டும். வேலைநீக்கத்துக்கு எதிராக நீதிமன்றம் போக முன்பு 3 ஆண்டு அவகாசம் இருந்தது. 2025 நவம்பர் 21 முதல், புதிய தொழில் உறவுச் சட்டத்தில் சமரசத்துக்கே 2 ஆண்டுதான். நேராக ஹைகோர்ட்டில் ரிட் (அரசமைப்பின் கீழ் நேரடியாகப் போடும் மனு) போடலாம் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். அரசு உதவி பெறாத பள்ளியின் அலுவலக ஊழியர் ஒருவர் அப்படிப் போன வழக்கில், சாதாரண வேலை ஒப்பந்தத் தகராறுக்கு ரிட் கிடையாது என்று 2022-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. வக்கீலுக்குப் பணமில்லையென்றால் மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழு இருக்கிறது. பெண்களுக்கு வருமானமே கேட்கக் கூடாது.

புதிய சட்டத்தில் ஓர் ஓட்டையும் இருக்கிறது. தர்ம காரியம் செய்யும் அமைப்புகளின் நிறுவனங்கள் ‘தொழில்’ என்பதில் சேராது, அதனால் இந்தச் சட்டம் அவற்றுக்குப் பொருந்தாது. லட்சக்கணக்கில் ஃபீஸ் வாங்கும் டிரஸ்ட்கூட இதைப் பிடித்துக்கொண்டுதான் வாதாடும். நடப்பது தர்மம் அல்ல என்று காட்ட, ஃபீஸ் ரசீது ஒன்றிரண்டு இப்போதே நகல் எடுத்து வையுங்கள்.

கிராஜுவிட்டி, அதாவது பணிக்கொடை, தனிக் கணக்கு. ஐந்து ஆண்டு முடித்திருந்தால் ராஜினாமா செய்தவருக்கும் உண்டு. கடைசிச் சம்பளம் 13,000 என்றால் 26-ஆல் வகுத்து 15-ஆல் பெருக்குங்கள், ஆண்டுக்கு 7,500. எட்டு ஆண்டுக்கு 60,000.