பினோசேவை வீழ்த்தியது விளம்பரப் பாட்டு மட்டும்தானா?

சிலியின் சர்வாதிகாரியை ஒரு விளம்பரப் பாட்டு வீழ்த்தியது என்று யாராவது எழுதும்போதெல்லாம் எனக்குக் கோபம் வருகிறது. கேட்க அழகான கதைதான். ஆனால் உயிரைப் பணயம் வைத்தவர்களுக்கு அதில் இடமே இல்லை.

1973-ல் ராணுவத்தை வைத்து ஆட்சியைப் பிடித்தவர் பினோசே. இன்னும் எட்டு வருஷம் அவர் நீடிக்கலாமா என்று 1988 அக்டோபர் 5-ல் மக்களிடம் கேட்டார்கள். ஆம் அல்லது இல்லை. அதற்கு முன் 27 இரவுகள், இரு தரப்புக்கும் தலா 15 நிமிடம் தொலைக்காட்சி நேரம். அதுவும் எல்லோரும் தூங்கப் போகும் வேளையில்.

'இல்லை' தரப்பு வானவில்லைச் சின்னமாக்கி, மகிழ்ச்சி வரப்போகிறது என்று பாடியது. அது சரியான முடிவு என்றே நினைக்கிறேன். பயந்து கிடப்பவர்களுக்கு மேலும் பயத்தைக் காட்டினால் வாக்குச்சாவடிப் பக்கமே வரமாட்டார்கள்.

ஆனால் அதே நிகழ்ச்சியில்தான் ஓல்கா காரிதோ என்ற பெண்மணி வந்தார். தன்னைக் கடத்திப் போய்ச் சித்திரவதை செய்ததை நிதானமாகச் சொன்னார். உடம்பின் காயம் ஆறிவிட்டது, மனதின் காயம் ஆறவில்லை என்றார். அப்புறம் கேமரா நகர்ந்தது. பக்கத்தில் கார்லோஸ் காஸ்ஸெலி, நாடே கொண்டாடிய கால்பந்து வீரர். இவர் என் அம்மா, நானும் 'இல்லை' என்றே வாக்களிப்பேன் என்றார். ஜோடியாக ஆட வேண்டிய குவேக்கா நடனத்தை, காணாமல் ஆக்கப்பட்டவர்களின் வீட்டுப் பெண்கள் தனியாக ஆடியதும் அதே நிகழ்ச்சியில்தான். குவேக்காவை 1979-ல் தேசிய நடனமாக அறிவித்ததே பினோசே அரசு! இவற்றையும் சேர்த்துப் பார்த்தால்தான் அந்த மகிழ்ச்சிப் பாட்டுக்கு அர்த்தம் வருகிறது.

திரைக்கு வெளியே நடந்த வேலை இன்னும் பெரிது. பழைய வாக்காளர் பட்டியலை ராணுவம் எரித்துவிட்டிருந்தது. 1987-ல் திறந்த புதிய பதிவேட்டில் 70 லட்சத்துக்கும் மேற்பட்டோர் பெயர் சேர்த்தார்கள். எதிர்க்கட்சிகள் சாவடி சாவடியாக ஆள் நிறுத்தித் தனியாக வாக்குகளை எண்ணின. அன்றிரவு அரசு முடிவைச் சொல்லாமல் இழுத்தடித்தபோது அந்தக் கணக்குதான் கைகொடுத்தது. கடைசியில் விமானப்படைத் தளபதி மத்தேயியே, 'இல்லை' ஜெயித்துவிட்டது என்று செய்தியாளர்களிடம் சொன்னார். 'இல்லை'க்குக் கிடைத்தது சுமார் 56 சதவீதம்.

அப்படியும் பினோசே 1990 மார்ச்சில்தான் அதிபர் நாற்காலியை விட்டார். ராணுவத் தலைமையை 1998 வரை விடவில்லை. பாட்டு வீழ்த்தியது என்று எழுதுபவர்கள் இந்த எட்டு வருஷத்துக்கும் ஒரு பதில் சொல்ல வேண்டும்.