முகத்தைச் செதுக்கி என்ன, பார்க்கப்போறது முதுகைத்தானே

எல்டன் ரிங் கேம்ல நம்ம கேரக்டரை உருவாக்கும்போது மூக்கு உயரம், தாடை அகலம், கண்ணுக்கு நடுவுல இடைவெளின்னு ஒவ்வொண்ணுக்கும் 0லேர்ந்து 255 வரைக்கும் ஸ்லைடர். தோல் நிறத்துக்கே சிவப்பு, பச்சை, நீலம்னு தனித்தனியா மூணு. ராத்திரி பூரா இழுத்து முடிச்சு கேமோட முதல் திறந்தவெளிப் பகுதியான லிம்கிரேவ் வெயில்ல இறங்கினா, நிக்கிறது வேற எவனோ! எடிட்டர் வெளிச்சம் வேற, வெளியில மேலேர்ந்து விழுற வெளிச்சம் வேற. புருவ எலும்பைக் கொஞ்சம் முன்னால தள்ளியிருந்தாலே போதும், கண்குழி ரெண்டும் அடுப்புக்கரி. அதனால நேர்முகத்தை மட்டும் பார்த்து ஓகே கொடுக்காதீங்க. பக்கவாட்டுல திருப்பி மூக்கையும் மோவாயையும் பாருங்க. கிளம்புறதுக்கு முன்னாடி ஃபேவரிட்ஸ்ல சேமிச்சிடுங்க, அடுத்த கேரக்டருக்கும் உதவும்.

அப்புறம் ஹெல்மெட். டிஃபென்ஸ் கூடுதேன்னு மாட்டினா மூஞ்சியே காணோம். ஹெல்மெட்டை மறைச்சிட்டு அதோட பலனை மட்டும் வாங்கிக்கிற ஆப்ஷன் கிடையாது. கேமராவும் பெரும்பாலும் பின்னாலதான்.

ஆனா ஒண்ணு, கேம்ல நாம திரும்பி வந்து தங்குற ரவுண்ட்டேபிள் ஹோல்டுல, ஃபியாங்கிற கேரக்டரோட அறைக் கண்ணாடியில முகத்தை எத்தனை தடவை வேணா மாத்தலாம், காசே இல்ல. மான்ஸ்டர் ஹன்டர் வைல்ட்ஸ் கேம் 2025ல வந்தப்போ அதுல முடி, மேக்கப்தான் சும்மா. முகவெட்டை மாத்த வவுச்சர் வேண்டியிருந்துச்சு. முதல் தடவை ஓசி, அப்புறம் நிஜக் காசு. முழு விலை கொடுத்து வாங்கின கேம்ல மூக்கைச் சரிபண்ணவும் காசு கேட்டாங்களேய்யா!