எல்லைக்கோடு ஏன் அங்கே வளைகிறது?

பொது அறிவு என்றாலே நாடு, தலைநகர், நாணயம் என்று மூன்று கட்டம் போட்டு நிறுத்திவிடுகிறோம். பொலிவியாவின் தலைநகர் எது என்று கேட்டால் ஒருவர் லா பாஸ் என்பார். இல்லை, சட்டப்படி சுக்ரே, அரசாங்கம் நடப்பதுதான் லா பாஸில் என்று இன்னொருவர் திருத்துவார். அதோடு பொலிவியா முடிந்தது. கடற்கரையே இல்லாத அந்த நாட்டுக்குக் கடற்படை எதற்கு என்று கேட்பவர் அபூர்வம். எனக்கு இது பெரிய குறையாகப் படுகிறது.

பொலிவியாவுக்கு ஒரு காலத்தில் பசிபிக் கரை இருந்தது. அட்டகாமா பாலைவனமும் ஆன்டோஃபகஸ்டா துறைமுகமும் அதன் கையில் இருந்தன. வெறும் மணல் என்று நினைத்த இடத்தில் நைட்ரேட் உப்பு கிடைத்தது. உரத்துக்கும் வேண்டும், வெடிமருந்துக்கும் வேண்டும் என்பதால் அன்றைக்கு அதற்கு ஏகப்பட்ட கிராக்கி. மண் பொலிவியாவுடையது, தோண்டி விற்றதோ சிலி நாட்டு நிறுவனம். 1878இல் பொலிவியா ஒரு குவிண்டாலுக்கு 10 சென்டாவோ (அந்நாட்டுச் சில்லறைக் காசு) வரி போட்டது. புது வரி போடமாட்டோம் என்று 1874இல் கையெழுத்திட்டீர்களே என்று சிலி எதிர்த்தது. நிறுவனம் வரி கட்ட மறுக்க, அதன் சொத்தை ஏலம் விட பொலிவியா நாள் குறித்தது. 1879 பிப்ரவரி 14. அதே நாளில் சிலியின் படை ஆன்டோஃபகஸ்டாவில் வந்து இறங்கியது. பொலிவியாவோடு ரகசிய உடன்படிக்கை செய்திருந்த பெருவும் போருக்குள் இழுக்கப்பட்டது. கடைசியில் பொலிவியா தன் கரை முழுவதையும் இழந்தது. 1904 ஒப்பந்தம் அதை எழுத்தில் உறுதிசெய்தது.

இது பழங்கதை ஆகிவிடவில்லை. இன்றும் ஒவ்வொரு ஆண்டும் மார்ச் 23 பொலிவியாவில் கடல் நாள். கடற்படை வீரர்கள் 3,800 மீட்டர் உயரத்தில் இருக்கும் டிட்டிகாகா ஏரியிலும் ஆறுகளிலும் பணி செய்கிறார்கள். கடலுக்கு வழி தருவது பற்றிச் சிலி பேச்சுவார்த்தைக்கு வரவேண்டும் என்று பொலிவியா சர்வதேச நீதிமன்றம் வரை போனது. சிலிக்கு அப்படி எந்தக் கட்டாயமும் இல்லை என்று 2018இல் தீர்ப்பு வந்தது. இவ்வளவையும் விட்டுவிட்டுத் தலைநகரை மட்டும் மனப்பாடம் செய்தால் அந்த நாட்டைப் பற்றி என்ன தெரிந்துகொண்டோம்?

நமீபியாவை எடுத்துக்கொள்ளுங்கள். அதன் வடகிழக்கு மூலையிலிருந்து ஒரு நிலத்துண்டு, விரலை நீட்டியதுபோல, சுமார் 450 கிலோமீட்டர் கிழக்கே போகிறது. மலையோ ஆறோ அப்படி இழுத்துக்கொண்டு போகவில்லை. 1890 ஜூலை 1 அன்று ஜெர்மனியும் பிரிட்டனும் ஓர் ஒப்பந்தம் போட்டன. கிழக்கு ஆப்பிரிக்கக் கரையோரத் தீவான சான்சிபார் மீது உரிமை கோருவதை ஜெர்மனி கைவிட்டது. பதிலுக்கு வடகடலில் ஹெலிகோலாந்து தீவும், ஆப்பிரிக்காவில் அன்று தன் காலனியாக இருந்த நமீபியாவோடு ஒட்டிய இந்த நிலத்துண்டும் அதற்குக் கிடைத்தன. சாம்பெசி ஆற்றைத் தொட்டுவிட்டால் அதன் வழியே இந்தியப் பெருங்கடல் வரை போகலாம் என்பது கணக்கு. ஆனால் அந்த ஆற்றில் சற்றுத் தூரம் போனதும் விக்டோரியா அருவி குறுக்கே நிற்கிறது. 100 மீட்டருக்கு மேல் விழும் அருவியில் எந்தக் கப்பல் இறங்கும்? ஸ்காட்லாந்துப் பயணி லிவிங்ஸ்டன் 1855இலேயே அந்த அருவியைப் பார்த்து, பிறகு அதைப் பற்றி எழுதியும் இருந்தார். ஆற்றங்கரையில் வாழ்ந்தவர்களுக்கு அது எப்போதுமே தெரியும். அவர்களைத்தான் யாரும் கேட்கவில்லை.

அந்த நிலத்துண்டுக்கு ஜெர்மன் சான்சலர் காப்ரிவியின் பெயரை வைத்தார்கள். 2013இல்தான் அந்தப் பகுதிக்குச் சாம்பெசி என்ற பெயர் வந்தது. நடுவில் 1999இல் அங்கே பிரிவினைக் கிளர்ச்சி வெடித்து, உயிர்கள் போய், பலர் போட்ஸ்வானாவுக்கு ஓடவேண்டி வந்தது. எங்கோ பேரம் பேசிப் போட்ட கோட்டின் சுமை ஒரு நூற்றாண்டு கழித்தும் அங்கே வாழ்பவர்கள் தலையில்தான் விழுந்தது.

காம்பியா இன்னொரு மாதிரி. ஆற்றின் இரு கரையோடு ஒட்டிய ஒல்லியான நாடு. கடல் பக்கம் போக மீதி எல்லாப் பக்கமும் செனகல். 1889இல் பிரிட்டனும் பிரான்சும் பேசி முடித்த எல்லை. விளைவு, இருபுறமும் வோலோஃப், மாண்டிங்கா பேசும் அதே மக்களுக்கு ஒரு பக்கம் ஆட்சிமொழி ஆங்கிலம், மறுபக்கம் பிரெஞ்சு. செனகலின் வடக்கிலிருந்து தெற்கே போகும் லாரிகள் காம்பியா ஆற்றைக் கடக்கப் படகுத்துறையில் காத்துக்கிடந்தன. பாலம் வந்தது 2019இல்.

இங்கே ஒரு பிழையான பொது அறிவையும் சொல்லவேண்டும். ஐரோப்பிய நாடுகள் கூடிய 1884–85 பெர்லின் மாநாட்டில் ஒரே மேசையில் ஆப்பிரிக்காவைக் கூறுபோட்டார்கள் என்று பலரும் எழுதுகிறார்கள். அங்கே பெரும்பாலும் வகுத்தது பங்குபோடுவதற்கான விதிகளை. கோடுகளில் மிகுதியானவை, மேலே சொன்னவை உட்பட, பின்னால் இரண்டிரண்டு நாடுகளாகப் பேசிப் போட்டவை. ஆனால் அந்த மாநாட்டில் ஆப்பிரிக்கர் ஒருவர்கூட உட்காரவில்லை என்பது உண்மை. அப்புறம் சுதந்திரம் பெற்ற நாடுகள் இந்தக் கோடுகளை ஏன் அழிக்கவில்லை? 1964இல் கெய்ரோவில் கூடிய ஆப்பிரிக்கத் தலைவர்கள், விடுதலையின்போது இருந்த எல்லைகளை மதிப்போம் என்று தீர்மானித்தார்கள். ஒன்றைத் தொட்டால் எல்லாம் கலையும் என்ற அச்சம். என்னைக் கேட்டால் அந்த அச்சத்தில் நியாயம் இருந்தது.

மனப்பாடமே வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. பெயரும் இடமும் தெரியாமல் எந்தக் காரணத்தையும் பிடித்துவைத்துக்கொள்ள முடியாது. ஆனால் வினாடி வினாவுக்குக் கேள்வி தயாரிப்பவர்களும் பிள்ளைகளுக்குச் சொல்லித்தருபவர்களும் ஒன்று செய்யலாம். காங்கோ ஜனநாயகக் குடியரசின் தலைநகர் எது என்று கேட்டுக் கின்ஷாசா என்ற பதிலை வாங்கியதும் அடுத்த கேள்விக்குத் தாவாதீர்கள். இவ்வளவு பெரிய நாட்டுக்குக் கடற்கரை மட்டும் 40 கிலோமீட்டருக்குள் ஏன் சுருங்கியது, அதற்கு வடக்கே அங்கோலாவின் கபிந்தா பகுதி ஏன் தாய்நாட்டை விட்டுத் தனியே கிடக்கிறது என்று கேளுங்கள். வரைபடத்தைக் கையில் கொடுத்து, காங்கோ ஆறு கடலில் சேரும் இடத்தைத் தேடச் சொல்லுங்கள். ஆற்றின் வாயைத் தன் பிடியில் வைத்துக்கொள்ள பெல்ஜிய மன்னர் இரண்டாம் லியோபோல்ட் ஏன் அவ்வளவு பாடுபட்டார் என்று பிள்ளைகளே கேட்பார்கள்.