பாலா வக்கீல் மாணி முதல்வராக இருந்தாரா? இல்லை

பெங்களூரு அல்சூர் பக்கம் நம்ம தமிழ் வாட்ஸ்அப் குழுக்களில் ஒரு செய்தி சுத்துது: கேரளத்தில் பாலா என்ற ஊரின் வக்கீல் கே.எம்.மாணி அந்த மாநில முதல்வராக இருந்தாராம், 1965 முதல் இடைவிடாமல் சட்டசபையில் உட்கார்ந்தாராம். இரண்டுமே தப்பு. அவர் நிதியமைச்சராக 13 பட்ஜெட் போட்டவர், முதல்வர் நாற்காலி கடைசிவரை கிடைக்கவில்லை.

1965 கதைதான் முக்கியம். அந்தத் தேர்தலில் புதுக்கட்சியான கேரள காங்கிரஸ் சார்பில் ஜெயித்தார் என்பது உண்மை, ஆனால் யாருக்கும் பெரும்பான்மை இல்லாததால் அந்தச் சபை ஒருநாள்கூடக் கூடாமலே கலைக்கப்பட்டது, அதனால் அவர் உறுப்பினராகச் சபைக்குள் போனது 1967 தேர்தலுக்கு அப்புறம்தான். பிறகு 2019 ஏப்ரல் 9-இல் இறக்கும்வரை பாலா மக்கள் அவரை விடவே இல்லை.

1965-ஐயும் சேர்த்து சட்டசபைத் தேர்தலில் அவருடைய 13 வெற்றியும் பாலா என்ற ஒரே தொகுதியில், ஒருமுறைகூடத் தோல்வி இல்லை. கலைஞரும் 13 முறை ஜெயித்தவர்தான், ஆனால் குளித்தலை, தஞ்சாவூர், சைதாப்பேட்டை என்று தொகுதி மாறி மாறி. சென்னை சட்டக் கல்லூரியில் படித்த மாணிக்கு இல்லாத பதவியை ஒட்டவைக்காதீங்க, உள்ளதே ரொம்பப் பெரிசு. அந்தச் செய்தியை அனுப்பியவருக்கு இதையும் அனுப்புங்க.