மரண வாக்குமூலம் மட்டும் போதுமா?

சாகும் தறுவாயில் எவரும் பொய் சொல்லமாட்டார், ஆகவே இறப்பவர் தம் சாவுக்கான காரணம் பற்றிச் சொல்லிச்செல்லும் மரண வாக்குமூலம் ஒன்றே தண்டனைக்குப் போதும் என்று ஒரு கட்டுரையில் படித்தேன்; அக்கருத்தை என்னால் முழுமையாக ஏற்க முடியவில்லை. 1957இல் குஷால் ராவ் வழக்கில் உச்ச நீதிமன்றம் அவ்வாறு தண்டிக்கலாம் என்றது உண்மைதான். ஆனால் அது உண்மையானது என்று நீதிமன்றம் ஆராய்ந்து தெளிந்த பிறகே என்றும், நடுவர் (மாஜிஸ்திரேட்) கேள்வி பதிலாக, இயன்றவரை சொன்னவரின் சொற்களிலேயே எழுதியதற்கே மதிப்பு அதிகம் என்றும் சேர்த்துச் சொன்னது.

கோபி, தாராபுரம் பக்கத்துச் சிற்றூர் ஒன்றிலிருந்து தீக்காயம் பட்ட பெண்ணைக் கோவைக்குக் கொண்டுவந்து சேர்க்கும் வழியிலேயே, கூட வரும் கணவர் வீட்டார், குழந்தைகளின் எதிர்காலத்தைக் காட்டி, அடுப்பு வெடித்தது என்று சொல்லவைக்க முடியும். பிறந்த வீட்டாரும், ஆத்திரத்தில், குற்றமற்ற ஒருவரின் பெயரைச் சேர்க்கச் சொல்லலாம். வலிமருந்தின் மயக்கம் வேறு இருக்கிறது. சொன்னவரைக் குறுக்கு விசாரணை செய்யவும் வழியில்லை. சொல்பவர் தெளிந்த மனநிலையில் இருக்கிறார் என்று நடுவருக்கு மனநிறைவு இருந்தால், அதற்கு மருத்துவரின் சான்று கட்டாயமில்லை என்று 2002இல் லக்ஷ்மண் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியல் சாசன அமர்வு கூறிவிட்ட நிலையில், நடுவரின் பொறுப்பு மிகப் பெரியது. உறவினரை வெளியே அனுப்பிய பிறகே அவர் பதிவைத் தொடங்க வேண்டும்; அதை வாக்குமூலத்திலேயே குறித்தும் வைக்க வேண்டும்.