கக்கூசுக்கு ஒரு துணை

இலங்கை மலைநாட்டில், மஸ்கெலியாப் பக்கத்தில் ஒரு தேயிலைத் தோட்டம். ஐப்பசி மழை மூன்று நாளாக விட்டு விட்டுப் பெய்கிறது. லயம் என்கிற தொழிலாளர் வரிசை வீட்டின் கடைசி அறையான தொங்கல் காம்பராவில் அம்மாயியும், கொழும்பில் போன் கடையில் வேலை செய்துவிட்டுத் தீபாவளிக்கு வந்திருக்கும் பேரனும். நேரம் இரவு 11.30. கக்கூஸ் லயத்திலிருந்து 50 அடி தள்ளி, கொய்யா மரத்துக்கு அப்பால் இருக்கிறது. பகலில் 50 அடி. இரவில் எத்தனை என்று இதுவரை யாரும் அளந்ததில்லை.

பேரன்: அம்மாயி... அம்மாயி, தூங்கிவிட்டீர்களா?

அம்மாயி: ஆமாம், தூங்கிவிட்டேன். என்ன வேண்டும்?

பேரன்: ஒன்றுமில்லை. உங்களுக்கு வெளியே போக வேண்டும் போல இருந்தால் சொல்லுங்கள், துணைக்கு வருகிறேன்.

அம்மாயி: எனக்குப் போக வேண்டாமே.

பேரன்: கொஞ்சம்கூடவா?

அம்மாயி: டேய், உனக்குத்தான் முட்டுகிறது என்று சொல்லேன். சாயங்காலத்திலிருந்து போனில் என்னத்தைப் பார்த்தாய்?

பேரன்: டிராகுலா படம்.

அம்மாயி: அது யார்?

பேரன்: இரத்தம் குடிக்கிற பிரபு. செத்தும் சாகாதவன். பகலெல்லாம் பெட்டிக்குள் படுத்துக் கிடந்து இராத்திரியில் எழுந்து வருவான்.

அம்மாயி: நைட் ஷிப்ட் ஆள். நம் தேயிலை ஸ்டோரிலும் இருக்கிறார்கள், பாவம். சரி, எழுந்திரு. டோர்ச்சை எடு. காலில் எதையாவது போட்டுக்கொள், புல்லெல்லாம் அட்டை.

(கதவோரம் தாத்தாவின் றப்பர் சப்பாத்து நிற்கிறது. அவர் போய் இரண்டு வருடம். சப்பாத்து இன்னும் புதுக்கருக்கு மாறாமல் இருக்கிறது. பேரன் அதற்குள் காலை விடுகிறான். இரண்டு சைஸ் பெரிது. நடந்தால் ‘களக் புளக்’ என்கிறது. இஸ்தோப்புத் திண்ணையைத் தாண்டியதும் நின்றுவிடுகிறான்.)

பேரன்: அம்மாயி, வெள்ளைப்பூடு இருக்கிறதா?

அம்மாயி: இந்நேரத்தில் யாருக்கு ரசம்?

பேரன்: அவனுக்கு வெள்ளைப்பூடு ஆகாது.

அம்மாயி: அப்படியென்றால் இந்தப் பக்கமே எட்டிப் பார்க்க மாட்டான். தீபாவளிக்கு ஆட்டிறைச்சி சமைத்து 12 காம்பராவும் இன்னும் மணக்கிறது.

பேரன்: அப்புறம், வீட்டுக்காரர் ‘வா’ என்று கூப்பிடாமல் உள்ளே வரமாட்டான்.

அம்மாயி: அவ்வளவு நாகரிகமா? உன் சின்ன மாமன் கூப்பிடாமலே வந்து நேராகப் போய்ச் சட்டியைத் திறந்து பார்க்கிறான்.

பேரன்: ஓடுகிற தண்ணீரையும் அவனால் நினைத்தபடி தாண்ட முடியாது.

அம்மாயி: வீட்டுக்கு முன்னால் தண்ணீர் ஓடுகிற கான், பின்னால் கான். மழை பெய்தால் கூரையிலும் ஓடுகிறது. தகரத்தை மாற்றித் தாருங்கள் என்று எத்தனை தடவை கேட்டோம்! இப்போதுதான் விளங்குகிறது. நம் பாதுகாப்புக்காகத்தான் மாற்றாமல் வைத்திருக்கிறார்கள்.

பேரன்: கேலி பண்ணாதீர்கள். இன்னொரு வழியும் இருக்கிறது. கிழக்கு ஐரோப்பாவில் கல்லறைப் பக்கம் கசகசாவைத் தூவி வைப்பார்களாம். அவன் அதை ஒவ்வொன்றாக எண்ணித்தான் ஆக வேண்டும். எண்ணி முடிப்பதற்குள் விடிந்துவிடும்.

அம்மாயி: குறைக்காமல் எண்ணுவானா?

பேரன்: ஒரு மணியைக்கூட விடமாட்டான்.

அம்மாயி: அப்படியென்றால் அவனைத் தோட்டத்துக்கு வரச் சொல். கொழுந்து நிறுக்கட்டும். 38 வருடம் எடுத்தேன். சாக்குக்கு என்று ஒரு கழிவு, ஈரத்துக்கு என்று ஒரு கழிவு. 20 கிலோவைச் சுமந்துகொண்டு போனால் புத்தகத்தில் 17 என்று விழும். இரத்தம் குடித்தால் குடித்துவிட்டுப் போகட்டும், கணக்கில் சுத்தமான ஆள் கிடைப்பது லேசா?

(கொய்யா மரத்திலிருந்து ஏதோ படபடவென்று கிளம்பி டோர்ச் வெளிச்சத்தைக் குறுக்கே வெட்டிக்கொண்டு போகிறது. பேரன் அம்மாயியின் முந்தானைக்குள் நுழைகிறான். ஐந்தரை அடி ஆள்.)

பேரன்: அம்மாயீ! வௌவால்!

அம்மாயி: கொய்யா பழுத்திருக்கிறது, வந்திருக்கிறது. நீ போட்ட சத்தத்தில் அதற்குத்தான் இன்றைக்குத் தூக்கம் வராது.

பேரன்: ஆமாம்... இது பழம் தின்னி. இரத்தம் குடிக்கிற வௌவால் மெக்சிகோவிலிருந்து அர்ஜென்டினா வரைக்கும்தான் இருக்கிறது. மூன்றே வகை. ஐரோப்பாவில்கூடக் கிடையாது. பேய்க்கதைதான் முந்தியது, வௌவாலுக்கு அந்தப் பெயர் வைத்தது பிந்தி.

அம்மாயி: இவ்வளவும் தெரிந்தவன் ஏன் கத்தினாய்?

பேரன்: படித்தது மூளைக்குத் தெரியும். காலுக்குத் தெரியாதே.

அம்மாயி: சரி, இந்தப் பிரபுவுக்கு எந்த ஊர்?

பேரன்: ட்ரான்சில்வேனியா. இப்போது ருமேனியாவில் இருக்கிறது. மலை, காடு, மூடுபனி...

அம்மாயி: நம் ஊர் மாதிரி என்று சொல்.

பேரன்: எழுதியவர் அந்த ஊர்க்காரர் இல்லை. அயர்லாந்துக்காரர், பிராம் ஸ்டோக்கர். லண்டனில் ஒரு நாடக அரங்குக்கு மனேஜர். 1897இல் புத்தகம் வந்தது. ட்ரான்சில்வேனியாவை அவர் கண்ணால் பார்த்ததே இல்லை. பெயரை மட்டும் பழைய அரசன் ஒருவனிடமிருந்து எடுத்துக்கொண்டார். பக்கத்து வாலாகியாவில் 15ஆம் நூற்றாண்டில் ஆண்ட விளாட். அப்பனுக்கு ‘டிராக்குல்’ என்று பட்டம், அதனால் மகன் டிராகுலா. எதிரிகளைக் கழுவில் ஏற்றியவன்.

அம்மாயி: இரத்தம் குடித்தானா?

பேரன்: அந்த ஊர்க் கதைகளில் அவன் கொடூரமான அரசன், அவ்வளவுதான். காட்டேரி இல்லை.

அம்மாயி: செத்தவன் மேல் பழி போடுவது சுலபம். எழுந்து வந்து ‘நான் இல்லை’ என்று சொல்லவா போகிறான்?

பேரன்: அம்மாயி, ‘எழுந்து வந்து’ என்றெல்லாம் இப்போது பேசாதீர்கள். அப்புறம் கேளுங்கள், கதையில் அவன் இங்கிலாந்துக்குப் போகும்போது சொந்த ஊர் மண்ணை 50 பெட்டியில் நிரப்பிக் கப்பலில் ஏற்றுகிறான். அந்த மண்ணில் படுத்தால்தான் அவனுக்கு ஓய்வு.

அம்மாயி: 50 பெட்டியா? யார் தூக்கியது?

பேரன்: கூலிக்கு ஆள் வைத்துத்தான்.

அம்மாயி: அதானே பார்த்தேன். என் பாட்டன் துறையூர்ப் பக்கமிருந்து வந்தபோது ஒரே ஒரு பிடி மண்ணை மடியில் முடிந்துகொண்டு வந்தார். மலையேறி முடிக்கும் வரை அவரேதான் சுமந்தார். அது நம் மாரியம்மன் பீடத்துக்கு அடியில் இருக்கிறது. அவருக்கும் ஊர் மண் இல்லாமல் தூக்கம் வரவில்லைதான். அதற்காக யாரையும் கடிக்கவில்லை.

(இதற்கு பேரனிடம் பதில் இல்லை. எழுதுகிற எனக்கும் இல்லை. இரண்டு அடி நடக்கிறார்கள். களக், புளக்.)

பேரன்: எப்படியும் விடிந்துவிட்டால் பயமில்லை. வெயில் பட்டால் எரிந்து சாம்பலாகிவிடுவான்.

அம்மாயி: நம் ஊரில் வெயிலை எங்கே போய்த் தேடுவது? மூன்று நாளாகச் சூரியனைக் காணோம். போட்ட துணி அப்படியே கொடியில் தொங்குகிறது.

பேரன்: உண்மையில் அதுவும் சினிமாக்காரர்கள் கொண்டுவந்த சங்கதிதான். ஸ்டோக்கரின் கதையில் அவன் பட்டப்பகலில் லண்டன் தெருவில் நிற்கிறான். சக்திதான் குறைவு. 1922இல் ஜெர்மனியில் ‘நோஸ்ஃபெராட்டு’ என்று ஒரு படம், அதில்தான் வெயில் அவனைக் கொன்றது. அனுமதி வாங்காமல் எடுத்த படம். ஸ்டோக்கரின் மனைவி வழக்குப் போட்டார். பிரதிகளை எல்லாம் அழிக்கச் சொல்லித் தீர்ப்பு வந்தது.

அம்மாயி: அப்புறம் நீ எப்படிப் பார்த்தாய்?

பேரன்: சில பிரதிகள் தப்பிவிட்டன.

அம்மாயி: அப்போது படமும் செத்தும் சாகாததுதான். நான் சின்னவளாக இருந்தபோது தண்ணீர் பிடிக்கிற பீலிக்கரையில் காட்டேரி நிற்கும் என்பார்கள். மாசமாக இருக்கிற பெண்களை உச்சிவேளையில் அந்தப் பக்கம் விடமாட்டார்கள். கீழே கிராமத்துச் சிங்கள ஆட்களுக்கு இரத்தத்துக்கென்றே ரீரி யக்கா என்று ஒரு பேய் இருக்கிறது. நம் காட்டேரிக்கு ஒரு கோழி, ஒரு சுருட்டு, கால் போத்தல் சாராயம். வாங்கிக்கொண்டு பேசாமல் போய்விடும். கோர்ட்டுக்கெல்லாம் போகாது.

பேரன்: ஐரோப்பாவிலும் கிராமத்துக் காட்டேரி வேறு மாதிரிதான், அம்மாயி. கோட்டும் கிடையாது, கோட்டையும் கிடையாது. போன மாதம் செத்த பக்கத்து வீட்டுக்காரன். முகம் சிவந்து, உடம்பு ஊதி வருவான். முதலில் வருவது சொந்தக்காரர்களிடம்.

அம்மாயி: சொந்தக்காரன் இரத்தம் குடிக்க வந்தான் என்றால் நம்பலாம். சொல்லு.

பேரன்: 1725. செர்பியாவில் கிசிலேவோ என்று ஒரு கிராமம். பீட்டர் பிளோகோயோவிட்ஸ் என்பவன் செத்து 10 வாரம் இருக்கும். திடீரென்று எட்டு நாளுக்குள் 9 பேர் சாகிறார்கள். ‘தூக்கத்தில் பீட்டர் வந்து மேலே படுத்துக் கழுத்தை நெரித்தான்’ என்று சொல்லிவிட்டுச் செத்தார்கள். ஊர் திரண்டு குழியைத் தோண்டியது. பார்த்தால், முடியும் நகமும் வளர்ந்திருக்கிறது. வாயில் இரத்தம்!

அம்மாயி: நம் சிவப்பி ஆற்றில் விழுந்து, நான்காம் நாள் எடுத்தோமே, நினைவிருக்கிறதா? வயிறு பானை மாதிரி. கரையில் புரட்டிப் போட்டதும் வாயிலும் மூக்கிலும் சிவப்பாக வழிந்தது. அது யார் இரத்தத்தைக் குடித்தது? புல்லைத் தவிர ஒன்றும் தெரியாத பசு.

பேரன்: டாக்டர்கள் சொல்வதும் இதுதான்! உள்ளே வாயு சேர்ந்து தள்ளுகிறது. தோல் சுருங்குவதால் நகமும் முடியும் வளர்ந்த மாதிரி தெரிகிறது.

அம்மாயி: இதற்கு ஒரு டாக்டரா? சரி, பிறகு?

பேரன்: நெஞ்சில் கம்பை இறக்கி, எரித்தார்கள். பக்கத்தில் அரசாங்க அதிகாரி ஒருவர் நின்றார். மேலிடத்துக்கு அறிக்கை அனுப்பினார்: இதில் ஏதாவது தவறு நடந்திருந்தால் அது என்னுடையது அல்ல, பயத்தில் நிலைகெட்டுப்போன சனங்களுடையது என்று.

அம்மாயி: 300 வருடமாகியும் அந்த அறிக்கையில் ஓர் எழுத்து மாறவில்லை.

பேரன்: பிறகு பல ஊரில் தோண்ட ஆரம்பித்துவிட்டார்கள். 1755இல் ஆஸ்திரியாவின் மரியா தெரேசா மகாராணி தன் டாக்டரை வைத்து விசாரித்துத் தடைச்சட்டம் போட்டார்.

அம்மாயி: பேய்க்கா?

பேரன்: தோண்டுகிறவர்களுக்கு. ஆனால் அமெரிக்காவில் 1892இலும் நடந்தது. ரோட் ஐலண்டில் மெர்சி பிரவுன் என்று 19 வயதுப் பெண், காசநோயில் செத்தவள். அம்மாவும் அக்காவும் அதே நோயில் முன்பே போய்விட்டார்கள். அண்ணனுக்கும் வந்துவிட்டது. இவள்தான் அவனை உறிஞ்சுகிறாள் என்று தோண்டி, இதயத்தை எரித்து, சாம்பலைத் தண்ணீரில் கரைத்து அவனுக்குக் கொடுத்தார்கள். இரண்டு மாதத்தில் அவனும் போய்விட்டான்.

அம்மாயி: நம் மேல் லயத்திலும் அப்படித்தான், ஒரே வீட்டில் மூன்று பேர் இருமி இருமிப் போனார்கள். பாவம் அந்தப் பிள்ளைகள். (கொஞ்சம் பொறுத்து) அது இருக்கட்டும், உன் செர்பியாக்காரன் பீட்டருக்குப் பெண்டாட்டி இல்லையா? ஊரெல்லாம் போனவன் அவளிடம் வரவில்லையா?

பேரன்: வந்தானாம். வந்து அவளிடம் ‘என் சப்பாத்து எங்கே’ என்று கேட்டானாம். அவள் வேறு ஊருக்கே...

(நிறுத்துகிறான். டோர்ச் வெளிச்சம் மெதுவாகக் கீழே இறங்கி, அவனுடைய காலில் வந்து நிற்கிறது.)

பேரன்: அம்மாயி. இது யாருடைய சப்பாத்து?

அம்மாயி: உன் தாத்தாவுடையது. ஏன்?

(அடுத்த நொடி ஒரு சப்பாத்து கொய்யா மரத்தடியில், ஒன்று கானில், டோர்ச் புல்லில். பேரன் வெறுங்காலோடு காம்பராவுக்குள். 50 அடியை அவன் எத்தனை எட்டில் கடந்தான் என்று அம்மாயிக்கு எண்ண நேரம் கிடைக்கவில்லை. இருட்டில் பழகிய கால். அவள் சாவகாசமாக வந்து சேர்ந்து, விளக்கைப் போடுகிறாள்.)

அம்மாயி: பைத்தியக்காரா, உன் தாத்தா அதை ஒரு நாள்கூடப் போடவில்லை. கால் கடிக்கிறது என்று கதவோரம் வைத்துவிட்டு வெறுங்காலோடுதான் மலைக்குப் போனார். வந்தாலும் அதைக் கேட்க மாட்டார். வெற்றிலைப் பெட்டியைத்தான் கேட்பார். எங்கே, காலைக் காட்டு.

பேரன்: ஓ... அட்டை.

அம்மாயி: அட்டையா, அட்டைகள். அசையாதே, சுண்ணாம்பு வைக்கிறேன். இரத்தம் வழிகிறதே, பயமாக இல்லையா?

பேரன்: அட்டைதானே, அம்மாயி. அதன் எச்சிலில் இரத்தத்தை உறையவிடாத ஒரு சத்து இருக்கிறது. அந்த அமெரிக்க வௌவாலுக்கும் அதே வித்தைதான். கொஞ்ச நேரத்தில் நின்றுவிடும்.

அம்மாயி: எத்தனை என்று எண்ணு.

பேரன்: ஒன்று, இரண்டு... இந்த விரலிடுக்கில் ஒன்று... ஏழு.

அம்மாயி: ஈரத்துக்கு ஒன்று கழித்தால் ஆறு. சரி, படு.

(விளக்கு அணைகிறது. தகரத்தில் மழை மறுபடி பிடிக்கிறது. ஐந்து நிமிடம்.)

பேரன்: அம்மாயி.

அம்மாயி: ம்.

பேரன்: நாம் எதற்காக வெளியே போனோம்?

அம்மாயி: ...

பேரன்: அம்மாயி, உங்களுக்கு வெளியே போக வேண்டும் போல இருந்தால் சொல்லுங்கள்.

அம்மாயி: தூங்கிவிட்டேன்.